வெளிச்சம் குடிக்கும் மகனுக்கு

டெல்லி லக்ஷ்மிபாய் நகர் அரசுக் குடியிருப்பின் வான்பரப்புக்கு உட்பட்ட கோள்கள், துணைக்கோள்கள், வால்நட்சத்திரங்கள், மொட்டைமாடித் தண்ணீர்த் தொட்டிகள் அனைத்தின் மேலான கவனத்துக்கு: இரண்டாம் மாடியில் வசிக்கும் அடியேனின் மேலுதட்டில், நீண்ட காலத் தாமதத்துக்குப் பின், மீசை திறந்துவைக்கப்பட்டுள்ளது. இடது பக்கப் பணிகள் நிறைவடைந்துவிட்டன. வலது பக்கத்தில் நிலம் கையகப்படுத்தும் வேலை நடந்துகொண்டிருக்கிறது. அதுவரை பொதுமக்கள் இடது பக்கமாக நின்று பேசுமாறு கேட்டுக்கொள்ளப்படுகிறார்கள்.

மகனே, இந்தச் செய்தியை முதலில் உனக்குச் சொல்வதற்குக் காரணம் உண்டு. மீசை இல்லாத ஒருவன் பிள்ளைக்குப் புத்தி சொல்லிக் கடிதம் எழுதினால் யாரும் மதிக்கமாட்டார்கள். எனக்கு வயது பதினாறு. உனக்கு, நாங்கள் உட்கார்ந்து போட்ட கணக்கின்படி, நாற்பதாயிரம் கோடி. அப்பாவைவிடப் பிள்ளை மூத்தவனாக இருப்பது நம் குடும்பத்தில் மட்டும்தான். ஆனாலும் உன்னை வரைந்தவன் நான். உனக்குப் பெயர் வைத்தவன் நான். மற்றவை எல்லாம் வெளிச்சம் கொடுக்கிற விண்மீன். நீ வெளிச்சத்தை உண்கிறவன், அதனால் உண்மீன். இந்தப் பெயரைச் சொன்ன அன்று நானே எனக்குக் கைதட்டிக்கொண்டேன்.

நாளைக் காலை நீ ஊரைவிட்டுப் போகிறாய். என் தோழி ஷைனியோடு, ரயிலில், அஸ்ஸாமுக்கு. இந்தக் கடிதத்தை நீயாகப் படிக்க முடியாது என்பது எனக்குத் தெரியும். எழுத்து கண்ணுக்குத் தெரிய வெளிச்சம் வேண்டும். பக்கத்தில் வந்த வெளிச்சத்தை நீ விட்டுவைக்கிற ஆள் இல்லை. அதனால் அவள்தான் மேல் படுக்கையில் உட்கார்ந்து உனக்கு வாசித்துக் காட்டுவாள். நடுநடுவே என்னைத் திட்டுவாள். அதையெல்லாம் கடிதத்தின் பகுதியாக எடுத்துக்கொள்ளாதே.

பெரியவன் ஆகிவிட்டாய். நீ எங்கிருந்து வந்தாய் என்பதைச் சொல்லிவிடுகிறேன். ஐ.என்.ஏ. மார்க்கெட்டில் அம்மா இட்லி அரிசியும் நல்லெண்ணெயும் வாங்குகிற கடையில் வருடம் தவறாமல் ஒரு பெரிய காலண்டர் தருவார்கள். ஒரே படம், சுவரில் பாதியை மறைக்கும். வருடம் முடிந்ததும் அதை நான் எடுத்துக்கொள்வேன். எனக்கும் ஷைனிக்கும் நண்பன் தௌஃபீக்குக்கும் அதன் முதுகுதான் தேவை. எட்டாம் வகுப்பில் முதல் தாளில் தொடங்கினோம். தாளோடு தாளை ஒட்டி ஒட்டி, இன்று அது இரட்டைக் கட்டில் விரிப்பு அளவுக்கு ஒரு பிரபஞ்சமாக ஆகிவிட்டது. அதற்கு ‘அண்டா’ என்று பெயர் சூட்டியதும் நானே. எவ்வளவு போட்டாலும் கொள்ளும் என்பதால். அண்டாவின் ஆட்சிமொழி தமிழ். மொழிப்பற்று என்று நினைத்துவிடாதே. குடியிருப்பில் மற்ற பிள்ளைகள் யாராலும் படிக்க முடியாது என்பதுதான் காரணம்.

நீ பிறந்தது ஒரு நவம்பரில். டெல்லி நவம்பரில் பள்ளிக்கூடத்தை மூடுவார்கள், மழைக்காக இல்லை, புகைக் காற்றுக்காக. ஜன்னலைச் சாத்திவிட்டு வீட்டுக்குள் கிடக்க வேண்டும். அன்று மத்தியானம் கண்ணாடி வழியே பார்த்தேன். சூரியனை நேராகப் பார்த்தும் கண் கூசவில்லை. பொரிக்காத அப்பளம் மாதிரி வானத்தில் ஒட்டிக்கொண்டிருந்தது. எதிர்க் கட்டடம் இல்லை, வேப்பமரம் இல்லை, மூன்றாம் பிளாக்கின் தண்ணீர்த் தொட்டி இல்லை. இவ்வளவு பெரிய ஊரின் வெளிச்சத்தை யாரோ உறிஞ்சிக்கொண்டு போய்விட்ட மாதிரி இருந்தது. யார், எங்கே உட்கார்ந்து உறிஞ்சுகிறார் என்று யோசித்தேன். ரசச் சட்டியின் மூடியை எடுத்தேன். அண்டாவின் நடுவில் கவிழ்த்து, சுற்றி ஒரு கோடு போட்டேன். கறுப்பு மார்க்கரால் உள்ளே தீட்டத் தொடங்கினேன்.

தீட்டத் தீட்ட ஒன்று நடந்தது. அதுவரை அந்தத் தாளில் என் செல்லக் கோள்கள் எல்லாம் மஞ்சளும் சிவப்புமாக மின்னிக்கொண்டிருந்தன. நீ முழுதாகக் கறுத்ததும் அவை பின்னால் போய்விட்டன. எங்கே பார்த்தாலும் கண் வழுக்கிக்கொண்டு உன்னிடமே வந்து விழுந்தது. தாள் அந்த இடத்தில் குழிந்திருக்கிறது என்று நினைத்து விரலால் தடவிப் பார்த்தேன். சமமாகத்தான் இருந்தது. ஆனால் விரலை எடுக்க எனக்குக் கொஞ்சம் பயமாக இருந்தது. உள்ளே போய்விடும் என்று இல்லை, உள்ளே போகாமல் இருக்கிறதே என்று. நான் வரைந்த ஒன்றைப் பார்த்து நானே வாயடைத்துப்போனது அதுதான் முதல் தடவை.

அம்மா வாயடைக்கவில்லை. மை காலண்டரைத் தாண்டி, விரிப்பைத் தாண்டி, மெத்தை உறையில் இறங்கியிருந்தது. “ஏன்டா டேய், ஊரெல்லாம் புகை மண்டிக் கிடக்கு, நீ வீட்டுக்குள்ளயும் கருமத்தப் பூசி வச்சிருக்க. இது என்னடா?”

“நட்சத்திரம்மா.”

“நட்சத்திரம் மின்னும்டா. இது என்ன தோசைக்கல்லு மாதிரி இருக்கு?”

அந்த மெத்தை உறை இன்னும் வீட்டில் இருக்கிறது. உனக்கு ஒரு இரட்டைப் பிறவி உண்டு, சாயம் வெளுத்தவன். நான் அவன் மேல்தான் தூங்குகிறேன்.

மகனே, உன் பெயரை முதலில் ஊரில் பரப்பியது ஒரு குறும்பு. தௌஃபீக்கை உனக்குத் தெரியும். அவனுடைய அப்பா ஒரு அமைச்சகத்தில் கோப்புகளோடு வாழ்கிறவர். பிள்ளைக்கும் விதிமுறை என்றால் உயிர். அண்டாவின் சட்டப் புத்தகமே அவன்தான். உன்னை அவனுக்குக் காட்டிய அன்று, “இதுக்கு நேரா போனை வெச்சா வெளிச்சத்தக் குடிச்சிடும், பாத்துக்க” என்றேன். அவன் சிரித்தான். சமோசா தின்ற கையைக் கழுவப் போனான். அந்த இடைவெளியில் அவன் போன் திரையின் வெளிச்சத்தை அடிமட்டத்துக்கு இறக்கி, உன் மேல் கவிழ்த்து வைத்தேன். திரும்பி வந்து நிமிர்த்திப் பார்த்தவன் முகத்தை நீ பார்த்திருக்க வேண்டும்.

“அரே, நிஜமாவே குடிக்குதுடா.”

அன்று மாலையே உனக்கு அருகில் வரும் கப்பல்கள் எல்லாம் விளக்குகளுக்கு மூடி போட்டு வைக்க வேண்டும் என்று ஒரு விதி எழுதினான். ஷைனி பக்கத்தில் உட்கார்ந்து வேர்க்கடலை உரித்துக்கொண்டிருந்தாள். நான் போனில் கை வைத்ததை அவள் பார்த்துவிட்டாள். காட்டிக்கொடுக்கவில்லை. உன்னையே பார்த்தாள். ஒரு கடலையைக்கூட வாயில் போடாமல் பார்த்தாள். பிறகு கேட்டாள்.

“லேய், குடிக்குது, சரி. குடிச்ச வெளிச்சம் எல்லாம் எங்க போவுது?”

பதில் சொல்லியாக வேண்டிய இடம். நான் கையைக் கட்டிக்கொண்டு, கண்ணை மூடி, “அது தகப்பன் ரகசியம். நேரம் வரும்போது சொல்லப்படும்” என்றேன். அந்த வாக்கியம் எவ்வளவு கம்பீரமாக இருந்தது என்றால், அதை நான் அப்புறம் இத்தனை வருடமும் சொல்லிக்கொண்டே இருந்தேன். எந்த விருந்தாளி வந்து கேட்டாலும் அதே பதில். என் அப்பா ஒருநாள் அலுவலகத்திலிருந்து வந்து, சட்டையைக் கழற்றிக்கொண்டே உன்னைக் குனிந்து பார்த்தார்.

“இதுக்குள்ள போனது வெளிய வருமாடா?”

“வராதுப்பா.”

“எங்க போகும்?”

“அது ரகசியம்ப்பா.”

“அச்சா. அப்ப எங்க செக்‌ஷன்தான்” என்று சொல்லிவிட்டுக் காபி குடிக்கப் போய்விட்டார். அவர் போட்ட கோப்பு ஒன்று மேலே போய் இன்னும் இறங்கவில்லை. உன்னை அவர் அளவுக்குச் சுலபமாகப் புரிந்துகொண்டவர் வேறு யாரும் இல்லை.

உன்னைச் சுற்றி ஆட்களைக் குடிவைத்தது ஷைனி. அதைச் சொல்லாமல் இருக்க முடியாது. நான் உன்னை வரைந்துவிட்டுப் பெருமை பேசிக்கொண்டிருந்தேன். அவள் உனக்குப் பக்கத்தில் ஒரு சின்னக் கோளை வரைந்து, அங்கே வாழ்கிறவர்களுக்கு என்ன நேரும் என்று யோசித்தாள். மற்ற நட்சத்திரங்களிடம் வெளிச்சம் முகத்தில் படும், நிழல் முதுகுக்குப் பின்னால் விழும். உன்னிடம் எல்லாத் திசையிலிருந்தும் வெளிச்சம் உன்னை நோக்கி ஓடி வருகிறது. வழியில் ஒருவர் நின்றால் அது அவர் முதுகில்தான் படும். நிழல் அவருக்கு முன்னால், உன் பக்கமாக நீளும். உன்னைப் பார்த்து நிற்கிற பாதி உலகத்துக்கு இரவு. உனக்கு முதுகு காட்டுகிற பாதிக்குப் பகல். அவர்கள் வீட்டில் ஏற்றுகிற விளக்கின் சுடர் நேராக நிற்காது. உன் பக்கம் சாயும். ஒருவருக்கு வழி தவறிவிட்டால், குழந்தையோ கிழவரோ, ஒரு தீக்குச்சியைக் கிழித்தால் போதும். சுடர் சாய்கிற திசையில் நீ இருக்கிறாய். அதை வைத்து வீடு போய்விடலாம்.

இதை அவள் சொல்லி முடித்தபோது தௌஃபீக் எழுந்துபோய்ச் சாமி மாடத்திலிருந்து தீப்பெட்டியை எடுத்து வந்து ஒரு குச்சியைக் கிழித்துப் பார்த்தான். மின்விசிறிக் காற்றில் சுடர் சாய்ந்தது. எந்தப் பக்கம் என்று கேட்காதே. மூன்று பேரும் அது கரிந்து முடியும் வரை பார்த்தோம். அம்மா வந்து தீப்பெட்டியைப் பிடுங்கிக்கொண்டு போனாள்.

அவளுடைய அப்பாவுக்கு வேலை ஆறுகளின் நீர்மட்டத்தை அளப்பது. கரையில் கோடுகள் போட்ட பலகை ஒன்று நட்டிருப்பார்கள். தண்ணீர் எந்தக் கோடு வரை நிற்கிறது என்று பார்த்து எழுதி அனுப்ப வேண்டும். அதை அவள் அப்படியே உன் கோளுக்குத் தூக்கிக்கொண்டு போனாள். அங்கே இரவு நேரத்தில் தலைக்கு மேலே வெளிச்சம் ஆறு ஆறாக உன்னை நோக்கி ஓடும். நீலமாக ஒன்று, வெள்ளையாக ஒன்று, எங்கேயோ செத்துப்போன நட்சத்திரத்திலிருந்து இப்போதுதான் வந்து சேருகிற சிவப்பு ஒன்று. அவற்றின் கரையில் அளவுப் பலகையோடு ஆட்கள் உட்கார்ந்திருப்பார்கள். இன்று எவ்வளவு வெளிச்சம் ஓடியது, நேற்றைவிடக் கூடவா குறைவா என்று பார்ப்பதுதான் அவர்கள் பிழைப்பு. அப்பா பார்த்தார், மகள் பார்க்கிறாள், பேத்தி பார்ப்பாள். கூடிக்கொண்டே போகிறது. ஆனாலும் நீ நிரம்பவில்லை. அவர்கள் உன்னைத் திட்டுவதில்லை. பயப்படுவதும் இல்லை. இவ்வளவையும் வாங்கிக்கொள்ள ஒரு இடம் இருக்கிறதே என்று அண்ணாந்து பார்க்கிறார்கள்.

“ஆறுன்னா கடல் இருக்கணும்லா” என்பாள் ஷைனி. “இவ்வளவு ஆறும் ஒரு கடலுக்குத்தான் போவுது. எந்தக் கடலுன்னு ஒனக்குத் தெரியும். சொல்லித் தொலையேன்.”

“நேரம் வரும்போது.”

“ஒனக்க நேரம் வரதுக்குள்ள எனக்கக் கல்யாணம் வந்திரும்.”

மகனே, இந்த இடத்தில் ஒரு புத்திமதி. உன்னிடம் யாராவது ஒன்றைத் திரும்பத் திரும்பக் கேட்டால், அவர்கள் உன்னைச் சோதிக்கவில்லை. உண்மையாகவே அவர்களுக்கு அது வேண்டியிருக்கிறது. எனக்கு இது புரிய ரொம்ப நாள் பிடித்தது. நான் அவள் கேட்பதை என் புகழின் ஒரு பகுதி என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

இனி உன் பயணத்துக்கு வருகிறேன். எங்கள் குடியிருப்பில் மாற்றல் உத்தரவு வராத வீடு கிடையாது. வீட்டைக் காலி செய்யும்போது ஒருவர் வந்து குழாய், விசிறி, கீசர், கதவுத் தாழ்ப்பாள் எல்லாம் சரியாக இருக்கிறதா என்று பார்த்து வாங்கிக்கொள்வார். எங்கள் அப்பாக்கள் அலுவலகத்தில் நாற்காலியை விட்டு எழுந்திருப்பதற்கு முன்னால் அடுத்தவரிடம் சார்ஜ் ஒப்படைப்பார்கள். எந்தக் கோப்பு எங்கே, எந்த அலமாரிக்கு எந்தச் சாவி, யாரிடம் ஜாக்கிரதையாக இருக்க வேண்டும், எல்லாம் சொல்லிவிட்டுத்தான் போவார்கள். அதைப் பார்த்து வளர்ந்ததால் அண்டாவிலும் அதே சட்டம். மாற்றலாகிப் போகிறவர் ஒரு பொருளை எடுத்துக்கொள்ளலாம். கத்தரிக்கோலால் வெட்டித்தான் எடுக்க வேண்டும். பிறகு இங்கே இருப்பவர்கள் அதைப் பற்றி ஒரு வரிகூட எழுதக் கூடாது. வரைந்தவர், எடுக்கிறவரிடம் முழுச் சார்ஜையும் ஒப்படைக்க வேண்டும்; ஒன்றையும் மறைக்கக் கூடாது. மறைத்தால் பொருள் போகாது.

முன்பு எங்களோடு விளையாடிச் சண்டிகர் போனவன் பனிக்கோட்டையை எடுத்துப் போனான். விசாகப்பட்டினம் போனவள் ஒரு கடலையே சுருட்டிக்கொண்டு போனாள், ஏற்கெனவே கடல் இருக்கிற ஊருக்கு. தரையில் விரித்துவைத்து வெட்டுவோம். வெட்டிய உடனே பின்னால் வேறு தாளை ஒட்டி அடைத்துவிடுவோம். அந்த ஒட்டுகளின் மேல் தௌஃபீக் ‘காலி இடம்’ என்று எழுதிவைப்பான்.

ஷைனியின் அப்பாவுக்கு அஸ்ஸாமில் ஜோர்ஹாட்டுக்கு மாற்றல் வந்தது. பிரம்மபுத்திரா கரையில் பலகை பார்க்க வேண்டும். என்ன எடுத்துக்கொள்கிறாய் என்று தௌஃபீக் கேட்டான். அவள் அவளே வரைந்த கண்ணாடி மலையை எடுப்பாள், இல்லாவிட்டால் பறக்கும் படகை எடுப்பாள் என்று நினைத்தேன். அவள் உன் மேல் விரலை வைத்தாள்.

“இவன் வேணும்.”

“அது என்னோடது” என்றேன்.

“அதான் ஒங்கிட்ட கேக்கேன்.”

“வேற எத வேணா எடுத்துக்க. பளபளன்னு எத்தனை இருக்கு. பேரே ஷைனி, ஒனக்கு எதுக்கு இந்தக் கரி?”

அவள் சிரிக்கவில்லை. “நான் எத்தன ஸ்கூல் மாறியிருக்கேன் தெரியுமாலே? புது ஊருக்குப் போனா முதல் மாசம் சிரிச்சிட்டே இருக்கணும். டீச்சரப் பாத்து, பக்கத்து வீட்டு ஆன்ட்டியப் பாத்து, அம்மா அழக் கூடாதுன்னு அம்மாவப் பாத்து. சாயங்காலம் மொகம் வலிக்கும். இதுல மத்ததெல்லாம் மினுங்கிக்கிட்டே கெடக்கு. இவன் ஒருத்தன்தான் வாங்கிக்கிடுவான். இவனப் பாத்துச் சிரிக்க வேண்டாம்.” உன் மேலிருந்து விரலை எடுக்காமல் சொன்னாள்: “ஆனா குடுக்கியது எங்க போவுதுன்னு தெரியணும். தெரியாத எடத்துல நான் ஒண்ணும் போட மாட்டேன். நீ சொல்லலன்னா நான் எதையும் எடுக்கல. வெறுங்கையோட போறேன்.”

மகனே, அதற்குப் பிறகு நான் எப்படி நாள் கடத்தினேன் என்பது உனக்கே தெரியும். ஒரு நாள் பரீட்சை என்றேன். ஒரு நாள் தொண்டை வலி என்றேன். ஒரு நாள் சாணக்யபுரி தமிழ்நாடு இல்லத்தில் மத்தியானச் சாப்பாடு வாங்கித் தருகிறேன், அங்கே சொல்கிறேன் என்று இருவரையும் கூட்டிப்போய், இரண்டாம் முறை சாம்பார் வாங்கிய பிறகு பேச்சை மாற்றிவிட்டேன். தௌஃபீக் மட்டும் என்னைச் சந்தேகிக்கவே இல்லை. “பெரிய ரகசியமா இருக்கும், அவன் டைம் எடுக்கட்டும்” என்று அவளுக்குச் சமாதானம் சொன்னான். அது இன்னும் மோசம். அம்மா என் முகத்தைப் பார்த்துவிட்டு, “என்னமோ பொண்ணக் கட்டிக் குடுக்குறவன் மாதிரி சுத்துற” என்றாள். மகன்மா, வீட்டோடு மாப்பிள்ளையாகப் போகிறான் என்றேன். கரண்டியால் ஒரு அடி விழுந்தது.

இன்று பிற்பகல் அவள் வீட்டுக்குப் போனோம். கட்டில்களைக் கழற்றிவிட்டார்கள். தரை முழுக்க அட்டைப்பெட்டி, சணல், செய்தித்தாள். அண்டாவை விரிக்க ஒரு அடிகூட இடமில்லை. அதனால் பால்கனியில் துணி காயப்போடும் கயிற்றில் கிளிப் போட்டுத் தொங்கவிட்டோம். பங்குனி வெயில் மேற்கிலிருந்து சரிந்து அதன் மேல் அடித்தது. எங்கள் பக்கம் பிரபஞ்சம். வெயில் பக்கம் காலண்டர் முருகன். தௌஃபீக் தொண்டையைச் செருமிக்கொண்டு விதியை வாசித்தான். ஷைனி கத்தரிக்கோலோடு நின்றாள். கீழே அவள் அப்பா, சாமான் ஏற்ற வந்த பையாவிடம் ஜல்தி ஜல்தி என்று சொல்லிக்கொண்டிருந்தார்.

“சொல்லு” என்றாள்.

நான் அண்டாவைப் பார்த்தேன். உன்னைப் பார்த்தேன். நீ எப்போதும் போல என் கண்ணில் இருந்ததையும் குடித்துக்கொண்டாய்.

“முதல்ல வெட்டு. அப்புறம் சொல்றேன்” என்றேன்.

“விதிப்படி முதல்ல சார்ஜ்” என்றான் தௌஃபீக்.

“வெட்டச் சொல்லுடா. தகப்பன் சொல்றேன்.”

அவள் என்னை ஒரு நிமிடம் முறைத்துவிட்டு, உன் விளிம்பில் கத்தரிக்கோலின் முனையைக் குத்தினாள். ரசச் சட்டி மூடியின் கோட்டைப் பிடித்தே மெதுவாகச் சுற்றி வந்தாள். நீ கழன்று அவள் உள்ளங்கையில் விழுந்தாய். கறுப்பாக, கனம் இல்லாமல். உன்னைத் திருப்பினாள். உன் முதுகில், ஊறி இறங்கிய மைத் திட்டுகளுக்கு நடுவே, முருகனின் மயில்தோகையில் ஒரு கண் இருந்தது. இத்தனை வருடம் உன் பின்னால் ஒரு கண் திறந்தே இருந்தது எங்கள் யாருக்கும் தெரியாது. உன்னை இரண்டு கையிலும் ஏந்திக்கொண்டு, எங்களிடம் காட்டுவதற்காக அவள் திரும்பினாள்.

அப்போதுதான் அது நடந்தது. அண்டா முழுக்க நிழலாகத் தொங்கியது. கோள்கள், கப்பல்கள், கடல்கள், தௌஃபீக்கின் ‘காலி இடங்கள்’ எல்லாம் மங்கிப்போயிருந்தன. நீ இருந்த இடத்திலிருந்து மட்டும், நீ இத்தனை வருடம் உட்கார்ந்து குடித்துக்கொண்டிருந்த அந்த ஒரே இடத்திலிருந்து, வெளிச்சம் கொட்டியது. ஒரு தூணாக வந்தது. அட்டைப்பெட்டித் தூசி எல்லாம் அதற்குள் நட்சத்திரம் நட்சத்திரமாகச் சுற்றியது. அது நேராக வந்து ஷைனியின் முதுகில், பின்னலுக்குப் பக்கத்தில், வட்டமாக விழுந்தது. அவள் நிழல் அவளுக்கு முன்னால், அவள் கையில் இருந்த உன்னையும் தாண்டி, எங்கள் காலடி வரை நீண்டது.

முதுகில் பகல். முன்னால் நிழல். அவள் எழுதிய கோளில் அவளே நின்றுகொண்டிருந்தாள்.

“ஹிலோ மத்” என்றான் தௌஃபீக், மிக மெதுவாக. “ஷைனி, ஆடாத. ஒம் முதுகுல…”

அவள் ஆடினாள். ஒரு அடி தள்ளி நின்று திரும்பிப் பார்த்தாள். வட்டம் தரையில், சணலுக்கும் செய்தித்தாளுக்கும் நடுவில் விழுந்து கிடந்தது. சூரியனே இறங்கி வந்து உட்கார்ந்த மாதிரி. டெல்லியில் இவ்வளவு சுத்தமான வெளிச்சத்தை நான் பார்த்ததில்லை. அவள் குனிந்து அதற்குள் கையை நீட்டினாள். விரல் ஓரமெல்லாம் சிவப்பாக ஒளி ஊடுருவியது. கீழே பையா ஏதோ பெட்டியைப் போட்டு உடைத்தார். யாரும் எட்டிப் பார்க்கக்கூட இல்லை.

“இதானா?” என்றாள் என்னைப் பார்த்து. “எல்லாம் இந்தப் பக்கம் வந்திட்டே இருந்திருக்கு. நாம மூடி வச்சிருந்தோம். இதத்தான் இத்தன வருசமா மறச்சு வச்சிருந்தியாலே?”

நான் கையைக் கட்டிக்கொண்டேன். மீசையைத் தடவினேன். “ஆமா. இதான்” என்றேன். “நேரம் வரும்போது சொல்றேன்னு சொன்னேன்ல.”

“கள்ளன்” என்றாள். அவள் என்னைப் பாராட்டிய ஒரே சொல் அது. தௌஃபீக் என் காலில் விழாத குறை. சார்ஜ் ஒப்படைக்கப்பட்டது என்று எழுதிக் கையெழுத்தும் வாங்கிக்கொண்டான். அண்டாவில் உன் இடத்தை மட்டும் அடைப்பதில்லை என்று மூன்று பேருமாக முடிவு செய்தோம். இனி அது பகலில் எங்கள் வீட்டுப் பால்கனியில் தொங்கும்.

போகிற இடத்தில் நல்லபடியாக இரு. அங்கே டெல்லியைவிட முன்னாலேயே இருட்டிவிடுமாம்; பழியை உன் மேல் போடுவார்கள், பொறுத்துக்கொள். ஷைனி சாயங்காலம் முகம் வலிக்க வந்து உன் எதிரே உட்கார்ந்தால், அவள் தருவதை வாங்கிக்கொள். ஒன்றும் திருப்பிச் சொல்ல முயற்சி செய்யாதே. அவளை முழுவதுமாகக் குடித்துவிடாதே. எங்களுக்கும் கொஞ்சம் வேண்டும்.

இதற்கு மேல் உள்ளதை அவள் வாசிக்கும்போது உன் முதுகுக் கண்ணை மூடிக்கொள். அப்பா தலைகுனிவதைப் பிள்ளை பார்க்க வேண்டாம்.

மீசையிலிருந்து தொடங்குகிறேன். அது உன்னைத் தீட்டிய அதே கறுப்பு மார்க்கர். இடது பக்கம் வரைந்து முடித்தபோது அம்மா குளியலறைக் கதவைத் தட்டிவிட்டாள். வலது பக்கம் அதனால்தான் நிலுவை. இன்று கம்பீரமாகத் தடவியபோது மை விரலில் வந்துவிட்டது. வீடு வரை கையைச் சட்டைப்பைக்குள் வைத்துக்கொண்டே வந்தேன்.

இரண்டாவது. எனக்குத் தெரியாது. அந்த வெளிச்சம் எங்கே போகிறது என்று முதல் நாளும் தெரியாது, இன்று காலையும் தெரியாது. தகப்பன் ரகசியம் என்று ஒன்று இருந்ததே இல்லை. ‘முதல்ல வெட்டு’ என்றது, சொல்வதற்கு வேறு ஒன்றும் தோன்றாததால். வட்டம் அவள் முதுகில் விழுந்தபோது தௌஃபீக் திறந்த அளவுக்கு நானும் வாயைத் திறந்தேன்; அவள் திரும்புவதற்குள் மூடிவிட்டேன், அவ்வளவுதான் வித்தியாசம். வெளிச்சம் இந்தப் பக்கம் வருகிறது என்று கண்டுபிடித்துச் சொன்னதும் அவள்தான். நான் ஆமாம் போட்டேன். விதிப்படி பார்த்தால் நான் சார்ஜை ஒப்படைக்கவே இல்லை. அவள் உன்னை மடித்துத் தபாலில் திருப்பி அனுப்பலாம். அனுப்பவேண்டாம் என்று கேட்டுக்கொள்.

அவள் அப்பா பலகை நடுகிற கரைக்கு ஒருநாள் உன்னைக் கூட்டிப்போவாள். அங்கே உட்கார்ந்து இருவரும் நிதானமாகப் பாருங்கள். அந்தக் கடல் எங்கே இருக்கிறது என்று உண்மையாகவே தெரிந்துவிட்டால், தாமதிக்காமல் எனக்கு ஒரு வரி எழுதச் சொல். முதலிலிருந்தே எனக்குத் தெரியும் என்று நான் தௌஃபீக்கிடம் சொல்லிக்கொள்ள வேண்டும்.